ஷோபாசக்தி: எழுத்து, திரை, சாட்சியம்

நாவற்குடாவில் எனக்குத் தெரிந்த ஒரு தமிழ் மாஸ்டர் இருக்கிறார். பென்ஷன் எடுத்தவர். காத்தான்குடியிலிருந்து மட்டக்களப்பு டவுனுக்குப் போகிற வழியில் மஞ்சந்தொடுவாயைத் தாண்டி, வாவிப் பக்கமாக உள்ளே இறங்கினால் அவருடைய வீடு. விறாந்தையில் ஒரு அலுமாரி நிறையப் புத்தகம். ஷோபாசக்தியின் 'கொரில்லா' நாவலை நான் முதன்முதல் வாசித்தது அவர் இரவல் தந்த பிரதியில்தான். தரும்போது அவர் சொன்னது இப்பவும் ஞாபகம் இருக்கு.

"தம்பி, இது இயக்கத்தில இருந்த பொடியன் எழுதினது. வாசிச்சிட்டு வந்து கதையுங்க. மறுகா நானும் ஒண்டு கேக்க வேணும்."

அவர் கேட்டது என்ன என்பதைக் கட்டுரையின் கடைசியில் சொல்கிறேன். முதலில் அந்தப் 'பொடியன்' யார் என்று பார்ப்போம். நம் வாசகர்களில் பலருக்கு அவரைத் 'தீபன்' படத்தின் கதாநாயகனாகத்தான் தெரியும். சிலருக்குப் பெயர் மட்டும் தெரியும். அவருடைய புத்தகங்களை வாசித்தவர்கள் நம்மிடையே குறைவு. நாம் வாசிக்க வேண்டிய ஒரு எழுத்தாளர் அவர் என்பது என் எண்ணம். ஏன் என்பதற்கான காரணம் நம்முடைய 1990ஆம் ஆண்டோடு சம்பந்தப்பட்டது.

அல்லைப்பிட்டியிலிருந்து பாரிஸுக்கு

ஷோபாசக்தியின் இயற்பெயர் அந்தோனிதாசன் யேசுதாசன். 1967இல் அல்லைப்பிட்டியில் பிறந்தவர். யாழ்ப்பாண நகரிலிருந்து பண்ணைப் பாலத்தைத் தாண்டிப் போனால், வேலணைத் தீவின் கிழக்கு முனையில் இருக்கிற சின்னக் கிராமம் அது. கடலும் பனையும் வறுமையும் நிறைந்த ஊர். 1983 ஜூலைக் கலவரத்தின்போது அவருக்கு வயது பதினாறளவில். அந்தத் தலைமுறையில் ஆயிரக்கணக்கான பிள்ளைகள் போன வழியில் அவரும் போனார். விடுதலைப் புலிகள் இயக்கத்தில் சேர்ந்தார். 1986இல், இருபது வயது நிரம்பும் முன்பே, இயக்கத்தை விட்டு விலகினார். இந்த வருஷத்தை வாசகர்கள் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

எண்பதுகளின் கடைசியில் நாட்டை விட்டு வெளியேறினார். ஹொங்கொங், தாய்லாந்து என்று அலைந்து, 1993இல் போலிக் கடவுச்சீட்டு ஒன்றில் பிரான்ஸ் போய்ச் சேர்ந்தார். அங்கே அகதி அந்தஸ்துக் கிடைத்தது. கிடைத்த வேலையெல்லாம் செய்தார். உணவகத்தில் கோப்பை கழுவினார், சமைத்தார், கடைகளில் சாமான் அடுக்கினார். புலம்பெயர்ந்த நம் பிள்ளைகள் பாரிஸிலும் லண்டனிலும் டோஹாவிலும் செய்கிற அதே வேலைகள்தான். நான்காம் அகிலத்தைச் சேர்ந்த இடதுசாரிக் கட்சியொன்றில் சில வருஷம் வேலை செய்தார். முறையான பாடசாலைப் படிப்பு அரைகுறையில் நின்றுபோன ஒருவருக்கு அரசியலையும் இலக்கியத்தையும் சேர்த்துப் படிப்பித்த இடம் அதுதான்.

தொண்ணூறுகளின் பிற்பகுதியில் கதைகள் எழுதத் தொடங்கினார். 2001இல் 'கொரில்லா' வந்தது. 'தேசத்துரோகி' சிறுகதைத் தொகுப்பு 2003இலும், 'ம்' நாவல் 2004இலும் வந்தன. பிறகு 'எம்.ஜி.ஆர். கொலை வழக்கு', 'கண்டி வீரன்', 'பொக்ஸ் கதைப்புத்தகம்', 'இச்சா', 'மூமின்', 'ஸலாம் அலைக்' என்று வரிசையாக வந்துகொண்டிருக்கிறது. கடைசி இரண்டு தலைப்புகளும் நம் வீட்டுச் சொற்கள் என்பதை யாரும் கவனிக்காமல் இருக்க மாட்டார்கள்.

எழுத்தின் இயல்பு

'கொரில்லா' ஒரு அகதி விண்ணப்பமாகத் தொடங்குகிறது. பிரெஞ்சு அதிகாரிகளுக்கு ஒருவன் தன் உயிருக்கு என்ன ஆபத்து என்று எழுதிக் கொடுக்கிற மனு. மேற்கு நாட்டில் தஞ்சம் கேட்டவர்களுக்கு அந்த மனுவின் பாஷை தெரியும். நடந்ததைத் திகதி போட்டு, ஒழுங்குபடுத்தி, நம்பும்படியாகச் சொல்ல வேண்டும். உண்மை கொஞ்சம் குழம்பியிருந்தாலும் மனு குழம்பக் கூடாது. அந்த மனுவுக்குள் அடங்காத வாழ்க்கையைத்தான் மிச்ச நாவல் சொல்கிறது. ரொக்கிராஜ் என்ற பொடியன் இயக்கத்தை நம்பிப் போகிறான். அங்கே அதிகாரம் எப்படி நடக்கிறது என்று உள்ளே இருந்தே பார்க்கிறான். அவனுடைய தகப்பன் ஊரில் 'கொரில்லா' என்று பட்டம் வாங்கிய சண்டியர். வீட்டுக்குள் இருந்த வன்முறையும் இயக்கத்துக்குள் இருந்த வன்முறையும் ஒன்றையொன்று அடையாளம் காண்கின்றன.

'ம்' நாவல் 1983 வெலிக்கடைச் சிறைப் படுகொலையை நடுவில் வைத்து நகர்வது. அந்த ஜூலையில் 25ஆம், 27ஆம் திகதிகளில் 53 தமிழ்க் கைதிகள் சிறைக்குள்ளேயே கொல்லப்பட்டார்கள். தப்பியவர்களை மட்டக்களப்புச் சிறைக்குக் கொண்டுவந்தார்கள். செப்டம்பர் 23ஆம் திகதி அங்கே சிறை உடைப்பு நடந்தது. ஆக, அந்த வரலாற்றில் வாவிக்கரையில் இருக்கிற நம் ஊர்ச் சிறைச்சாலைக்கும் ஒரு இடம் உண்டு. அந்தக் கொடுமையை அனுபவித்த கதாநாயகனை ஷோபாசக்தி தியாகியாக்கவில்லை. பாதிக்கப்பட்ட அதே மனிதன் தன் சொந்த வீட்டுக்குள், தன் மகள் முன்னால், மன்னிக்க முடியாத குற்றவாளியாக நிற்கிறான். அடிபட்டவன் என்பதாலேயே ஒருவன் நல்லவன் ஆகிவிடுவதில்லை. இந்தக் கசப்பான விஷயம்தான் அவருடைய எழுத்து முழுக்க ஓடுகிறது. 'ம்' என்கிற தலைப்பும் அப்படித்தான். கதை கேட்கிறவர் போடுகிற 'ம்' அது. அநியாயத்தைக் கண்டும் வாய் திறக்காமல் தலையாட்டுகிற சமூகத்தின் 'ம்'மாகவும் அதை வாசிக்கலாம்.

ஒரு விஷயத்தையும் சொல்லிவிட வேண்டும். அவருடைய நடையில் தீவுப்பகுதியின் பேச்சு அப்படியே வரும். கெட்ட வார்த்தையும் வரும். உடல் சம்பந்தமான விஷயங்களை மூடி மறைக்க மாட்டார். மார்க்கப் பற்றுள்ள நம் வீடுகளில் பிள்ளைகளுக்கு முன்னால் சத்தமாக வாசிக்கிற எழுத்து இது இல்லை. அவரும் இறைநம்பிக்கை உள்ள மனிதராகத் தன்னைக் காட்டிக்கொண்டவர் இல்லை. இதையெல்லாம் தெரிந்துகொண்டே வாசிக்கச் சொல்கிறேன்.

திரைக்கு வந்த கதை

நடிப்பு அவருக்குத் திடீரென்று வந்ததல்ல. ஊரில் கூத்தும் நாடகமும் பார்த்து, ஆடி வளர்ந்தவர். லீனா மணிமேகலை இயக்கிய 'செங்கடல்' படத்தின் திரைக்கதையில் பங்கெடுத்து, அதில் நடித்தும் இருந்தார். தனுஷ்கோடிக் கரையில் மீனவர்களும் அகதிகளும் படுகிற பாட்டைச் சொன்ன படம். இந்தியத் தணிக்கைச் சபை அனுமதி மறுத்து, மேல்முறையீட்டுக்குப் பின் 2011இல்தான் அதற்கு அனுமதி கிடைத்தது.

பிறகு வந்தது 'தீபன்'. இயக்கியவர் ஜாக் ஓடியார் என்ற பிரெஞ்சுக்காரர். அவருக்குத் தமிழ் தெரியாது. ஆனால் படத்தின் பெரும்பகுதி தமிழில்தான் பேசுகிறது. யுத்தம் முடிகிற நேரம் ஒரு முன்னாள் போராளி, செத்துப்போன ஒருவனுடைய கடவுச்சீட்டை எடுத்துக்கொள்கிறான். முன்பின் தெரியாத ஒரு பெண்ணையும் தாய் தகப்பன் இல்லாத ஒரு சிறுமியையும் குடும்பம் என்று காட்டிப் பிரான்ஸுக்குப் போகிறான். புறநகர் அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றில் காவலாளி வேலை கிடைக்கிறது. அங்கே போதைப்பொருள் கும்பல்களின் சண்டை. ஒரு யுத்தத்திலிருந்து ஓடிவந்தவன் இன்னொன்றின் நடுவில் வந்து நிற்கிறான். மனைவியாக நடித்தவர் சென்னை நாடகக் கலைஞர் காளீஸ்வரி சீனிவாசன். சிறுமியாக நடித்தவர் குளோடின் வினாசித்தம்பி.

2015 மே 24ஆம் திகதி, 68ஆவது கான் திரைப்பட விழாவில் இந்தப் படத்துக்குத் தங்கப் பனை விருது கிடைத்தது. கோயன் சகோதரர்கள் நடுவர்களுக்குத் தலைமை தாங்கிய வருஷம் அது. அடுத்த வருஷம் பிரான்ஸின் செஸார் விருதில் சிறந்த நடிகருக்கான பட்டியலில் ஷோபாசக்தியின் பெயரும் இருந்தது. படத்தின் கதையில் பாதியளவு தன் சொந்த வாழ்க்கை என்று அவர் நேர்காணல்களில் சொல்லியிருக்கிறார். படத்தின் கடைசிப் பகுதி பற்றி விமர்சனங்களும் வந்தன. அகதியை மறுபடியும் ஆயுதம் தூக்க வைத்து, அதில் ஒரு வீரத்தைக் காட்டியது சரிதானா என்று கேட்டார்கள். அந்தக் கேள்வி எனக்கும் உண்டு.

அதற்குப் பிறகு லெனின் எம். சிவம் கனடாவில் எடுத்த 'ரூபா' என்ற படத்தில் நடித்தார். 2019இல் சிட்னியில் எஸ். சக்திதரன் எழுதிய 'கவுண்டிங் அண்ட் கிராக்கிங்' என்ற பெரிய மேடை நாடகத்திலும் நடித்தார்.

பிரெஞ்சில் அவர்

அவரைப் பிரெஞ்சு எழுத்தாளர் என்று அறிமுகப்படுத்துகிறவர்கள் உண்டு. அது முழுக்கச் சரியில்லை. முப்பது வருஷத்துக்கு மேல் பிரான்ஸில் இருந்தும் அவர் கதை எழுதுவது தமிழில்தான். பிரெஞ்சுக்கு அது மொழிபெயர்ப்பாகப் போகிறது. 2017இல் கிளெமொந்தீன் பரோன் என்ற எழுத்தாளரோடு சேர்ந்து தன் அகதி வாழ்வின் கதையைப் பிரெஞ்சில் ஒரு நூலாகக் கொண்டுவந்தார். 2018இல் ஸுல்மா பதிப்பகம் அவருடைய சிறுகதைகளை 'ஃப்ரைடே எ ஃப்ரைடே' என்ற பெயரில் வெளியிட்டது. 2022இல் 'இச்சா' நாவல் 'லா ஸ்தெர்ன் ரூஜ்' என்று பிரெஞ்சில் வந்தது. சிவப்பு ஆலாக் குருவி என்று அதற்குப் பொருள். 300 வருஷச் சிறைத்தண்டனை பெற்ற, ஆலா என்ற பெண் போராளியின் கதை அது.

பிரெஞ்சுப் புத்தகத்தின் அட்டையிலும் சினிமாத் திரையிலும் அவருடைய பெயர் அந்தோனிதாசன் யேசுதாசன். தமிழ்ப் புத்தகத்தில் ஷோபாசக்தி. ஒரே ஆள், இரண்டு பெயர். 'தீபன்' படத்துக் கதாநாயகனும் அப்படித்தான்.

இந்த இடத்தில் அல்ஜீரியாவின் ஆஸியா ஜெபாரை நினைத்துக்கொள்வது நல்லது. 1936இல் முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தவர். நாவல் எழுதினார், படமும் எடுத்தார். 2005இல் பிரெஞ்சு அக்கடமிக்குத் தெரிவானார். அவருடைய நாட்டில் 130 வருஷத்துக்கு மேல் பிரெஞ்சு ஆட்சி இருந்தது. பள்ளிக்கூடம் அவருக்குக் கொடுத்த எழுத்து மொழி பிரெஞ்சு. தன் மக்களின் வலியை ஆண்டவனுடைய மொழியிலேயே எழுத வேண்டிய நிலைமை அவருக்கு. ஷோபாசக்திக்கு அந்த நிர்ப்பந்தம் இருக்கவில்லை. அவர் தமிழில் எழுதுவதால் ஒன்று நடக்கிறது. அவருடைய குற்றச்சாட்டு யாரைப் பற்றியதோ அவர்களே அதன் முதல் வாசகர்களாகவும் இருக்கிறார்கள். வெளிநாட்டவரிடம் போய்த் தன் ஆட்களைப் பற்றிக் குறை சொல்வது ஒன்று, ஊர்ச் சபையில் எழும்பி நின்று சொல்வது வேறொன்று. இரண்டாவதைத்தான் அவர் செய்தார். யுத்தம் முடிவதற்கு முன்பே, புலிகளின் கை ஐரோப்பாவிலும் நீளமாக இருந்த காலத்திலேயே செய்தார். அதனால் துரோகி என்ற பட்டமும் வந்தது. அதையே புத்தகத்துக்குப் பெயராக வைத்தார்.

நமக்கு இதில் என்ன இருக்கிறது?

1990 ஆகஸ்ட் 3ஆம் திகதி இஷாத் தொழுகை நேரம் காத்தான்குடியில் மீரா ஜும்ஆப் பள்ளிவாசலிலும் ஹுஸைனிய்யாப் பள்ளிவாசலிலும் என்ன நடந்தது என்று இந்த இதழின் வாசகர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. ஸுஜூதில் இருந்தவர்கள் உட்பட நூற்றுக்கு மேற்பட்டோர் ஷஹீதானார்கள். எட்டு நாள் கழித்து 11ஆம் திகதி இரவு ஏறாவூர். ஒக்டோபர் மாதம் வடக்கு மாகாணத்திலிருந்து சுமார் 75 ஆயிரம் முஸ்லிம்கள் துரத்தப்பட்டார்கள். யாழ்ப்பாணத்தில் ஒக்டோபர் 30ஆம் திகதி அவர்களை ஜின்னா மைதானத்துக்குக் கூப்பிட்டு, இரண்டு மணித்தியாலத்துக்குள் போகச் சொன்னார்கள்.

ஷோபாசக்தி இயக்கத்தை விட்டு விலகியது 1986இல். இதெல்லாம் நடந்தது அதற்கு நாலு வருஷம் கழித்து. "நான் அப்ப அங்க இல்ல" என்று ஒரே வரியில் அவர் கைகழுவியிருக்கலாம். சட்டப்படியும் கணக்குப்படியும் அது உண்மைதான். ஆனால் அவர் அப்படிச் செய்யவில்லை. கட்டுரைகளிலும் நேர்காணல்களிலும் வடக்கு முஸ்லிம்களின் வெளியேற்றத்தையும் பள்ளிவாசல் கொலைகளையும் குற்றம் என்றே திரும்பத் திரும்பச் சொல்லி வந்திருக்கிறார். என் பெயரால், என் மொழியின் பெயரால் செய்யப்பட்ட காரியத்துக்கு நானும் பதில் சொல்ல வேண்டும் என்கிற மனநிலை அது. தமிழ் அரசியல்வாதிகள் பலர் தேர்தல் மேடையில் மறந்துபோகிற விஷயத்தை ஒரு கதைக்காரர் விடாமல் பிடித்துக்கொண்டிருக்கிறார்.

நமது வெளியேற்றத்துக்கு ஆவணங்கள் இல்லாமல் இல்லை. பிரஜைகள் ஆணைக்குழு ஒன்று விசாரித்துத் தயாரித்த விரிவான அறிக்கை 2011இல் வெளிவந்தது. ஆனால் அறிக்கை நம்முடைய கணக்கைத்தான் சொல்லும். எதிர்ப்பக்கத்திலிருந்து ஒருவர் எழும்பி, "ஓம், இது நடந்தது, செய்தது எங்கட ஆக்கள்" என்று சொல்லும்போது வருகிற ஆறுதலை எந்த அறிக்கையும் தராது. நான் அதை அனுபவித்துச் சொல்கிறேன்.

மாஸ்டர் கேட்டது

'கொரில்லா'வை வாசித்து முடித்துப் புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்கப் போனேன். நல்ல புத்தகம், இப்படி உண்மையைச் சொல்ல ஒரு தைரியம் வேணும் மாஸ்டர் என்று நிறையக் கதைத்தேன். அவர் கேட்டுக்கொண்டே இருந்தார். தேத்தண்ணி வந்தது. பிறகுதான் கேட்டார்.

"சரி தம்பி, இப்பிடி ஒரு புத்தகம் உங்கட ஆக்கள்ல ஆரும் எழுதியிருக்காங்களா? வீரமுனையப் பத்தி?"

எனக்குப் பதில் வரவில்லை. ஏறாவூரில் நாம் ஜனாஸாக்களை எண்ணிக்கொண்டிருந்த அதே 1990 ஆகஸ்ட் 12ஆம் திகதி, சம்மாந்துறைக்குப் பக்கத்தில் வீரமுனைக் கோயிலில் தஞ்சமிருந்த தமிழர்கள் கொல்லப்பட்டார்கள். அதில் முஸ்லிம் ஊர்காவல் படையினருக்குப் பங்கிருந்தது என்று தப்பியவர்கள் இன்றுவரை சொல்கிறார்கள். நான் வாய் திறந்தபோது வந்த பதில் இதுதான்: "மாஸ்டர், நாங்க அங்க இருக்கல்லயே."

சொன்ன பிறகுதான் என் காதிலேயே அது விழுந்தது. ஷோபாசக்தி சொல்லாமல் விட்ட அதே வரி.

2019 ஏப்ரல் 21ஆம் திகதி சீயோன் தேவாலயத்தில் குண்டு வெடித்தபோதும் நாம் அதையேதான் சொன்னோம். அவர்கள் நம்மவர்கள் இல்லை, இது இஸ்லாம் இல்லை என்றோம். அது உண்மை. ஒவ்வொரு ஜும்ஆவிலும் சொல்ல வேண்டிய உண்மைதான். ஆனால் அந்தப் பிள்ளைகள் நம் தெருவில்தான் வளர்ந்தார்கள். நம் கண்ணுக்கு முன்னால் என்ன மாறியது, யார் பார்த்தும் பேசாமல் இருந்தார்கள், ஏன் 'ம்' என்று இருந்தோம் என்பதை எழுதுவது மறுப்பறிக்கையின் வேலை இல்லை. கதையும் நாவலும் செய்ய வேண்டிய வேலை அது.

நியாயத்துக்குச் சாட்சி சொல்லும்போது அது தனக்கோ, தாய் தகப்பனுக்கோ, உறவினருக்கோ பாதகமாக இருந்தாலும் சொல்லத்தான் வேண்டும் என்பது நமக்கு ஸூரத்துன் நிஸாவின் 135ஆவது வசனம் இட்ட கட்டளை. ஷோபாசக்தி அந்த வசனத்தை வைத்து எழுதியவர் இல்லை. ஆனால் அவருடைய எழுத்தை வாசிக்கும்போது எனக்கு அந்த வசனம்தான் மனதில் வருகிறது. நம் கையில் இருக்கிற கட்டளையை இன்னொருவர் செய்துகாட்டுவதைப் பார்க்கும்போது வருகிற வெட்கமும் சேர்ந்தே வருகிறது.

நாம் பாதிக்கப்பட்டவர்கள் என்பதில் ஒரு மாற்றமும் இல்லை. வீரமுனையைப் பற்றி எழுதினால் காத்தான்குடியின் கணக்குக் குறைந்துவிடாது. உண்மையில் அதற்குப் பிறகுதான் நம் சாட்சியத்தை மற்றவர்கள் காது கொடுத்துக் கேட்பார்கள். ஷோபாசக்தியை நான் நம்புகிறேன் என்றால், அவர் முதலில் தன் ஆட்களின் குற்றத்தைச் சொன்னவர் என்பதாலேயே, அல்லைப்பிட்டிக்கு ராணுவம் செய்ததை அவர் சொல்லும்போதும் நம்புகிறேன்.

கிழக்கில் எழுதத் தெரிந்த முஸ்லிம் பிள்ளைகளுக்குக் குறைவில்லை. கவிதையும் கதையும் ஆய்வும் எழுதுகிறார்கள். அவர்களிடம் எனக்கு ஒரு வேண்டுகோள். ஷோபாசக்தியை வாசியுங்கள். பிடிக்காத இடத்தில் சண்டை போடுங்கள். பிறகு நம் தெருவைப் பற்றி, நம் தெருவுக்குப் புரிகிற தமிழில், நாம் சொல்லாமல் விட்டதை எழுதுங்கள்.

மாஸ்டருக்கு நான் இன்னும் பதில் சொல்லவில்லை. கிழமைக்கு ஒரு தடவையாவது அந்த வழியால் போகிறேன். விறாந்தையில் இருந்தபடி கை காட்டுவார். நானும் கை காட்டிவிட்டுப் போவேன். இந்தக் கட்டுரை அச்சாகி வந்தால் முதல் பிரதியை அவரிடம் கொண்டுபோய்க் கொடுக்க வேணும், இன்ஷா அல்லாஹ்.